அப்பாவின் மெமரி கார்டைச் சுத்தம் செய்த கதை

போன மாதம் அப்பாவின் போனில், மெமரி கார்டில் இருந்த ஒரு பழைய பாட்டைப் போட்டேன். பாடகர், இசையமைப்பாளர், ஆல்பம் என்று எந்தப் பெயர் வர வேண்டிய இடத்திலும் ஒரு திருட்டுத் தளத்தின் முகவரிதான் இருந்தது. பாட்டை உண்டாக்கிய ஒருவர் பெயர்கூட இல்லை. மனசு கேட்கவில்லை. அன்று மதியமே உட்கார்ந்து, திருட்டுக் கோப்புகளை அழித்துவிட்டு முறையாகக் கேட்கும் வழிக்கு மாற்றிவிட்டேன். நீங்களும் செய்யலாம்.

முதலில் போனைச் சுத்தம் செய்யுங்கள். அந்தத் தளங்களில் நாலைந்து டவுன்லோட் பட்டன் இருக்கும், பெரும்பாலும் விளம்பரம்தான். அப்பா எதையோ தொட்டு, ஒரு ஏபிகே கோப்பும் (ஆப்பை நிறுவும் கோப்பு) இறங்கிக் கிடந்தது. அதை அழித்தேன். அப்புறம் குரோம் செட்டிங்ஸில் நோட்டிஃபிகேஷன் அனுமதி வாங்கிய தளங்களைப் பார்த்து, தெரியாததையெல்லாம் நீக்கினேன். ராத்திரியெல்லாம் டிங் டிங் என்று வந்துகொண்டிருந்த விளம்பரம் அதோடு நின்றது.

அடுத்து, அழிப்பதற்கு முன் பாட்டுகளை ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். அப்பா சொல்லச் சொல்ல 43 பாட்டு எழுதினேன். தேடும்போதுதான் தலைவலி: 'ழ'வுக்கு ஒருவர் இசட்-எச் போடுவார், இன்னொருவர் எல் போடுவார். அதனால் பாட்டின் முதல் வரியைவிடப் படத்தின் பெயரையும் இசையமைப்பாளர் பெயரையும் சேர்த்துப் போடுங்கள், சீக்கிரம் சிக்கும்.

ஸ்பாட்டிஃபை, ஜியோசாவன் என்ற பாட்டு ஆப்கள் இரண்டிலும் விளம்பரத்தோடு இலவசமாகக் கேட்கலாம். யூடியூபில் கேட்பதென்றால் சரிகம தமிழ், சோனி மியூசிக் சவுத், திங்க் மியூசிக் போன்ற நிறுவனங்களின் சொந்தச் சேனலா என்று பார்த்துக் கேளுங்கள். நெட் இல்லாத பஸ் பயணத்துக்கு இறக்கி வைக்க வேண்டுமென்றால் சந்தா கட்டத்தான் வேண்டும். அப்போது தரத்தைக் கவனியுங்கள்: 320 கேபிபிஎஸ்ஸில் (ஒலித் தரத்தைச் சொல்லும் அளவு) 5 நிமிடப் பாட்டு சுமார் 12 எம்பி பிடிக்கும், 96இல் 4 எம்பிகூட ஆகாது. போன் ஸ்பீக்கருக்கு அது போதும். திருட்டுத் தளத்தில் '320' என்று போட்டிருப்பதை நம்ப வேண்டாம். 128இல் இருந்ததை மறுபடி பெரிதாக்கியிருந்தால் இழந்த ஒலி திரும்பாது.

காசு யாருக்குப் போகிறது என்று அப்பா கேட்டார். நியாயமான கேள்வி. 2012இல் பதிப்புரிமைச் (காப்பிரைட்) சட்டத்தைத் திருத்தினார்கள். சினிமாப் பாட்டை எழுதியவரும் இசையமைத்தவரும், தியேட்டருக்கு வெளியே அது பயன்படும்போது வர வேண்டிய ராயல்டி (பயன்பாட்டுக்கான பங்குத்தொகை) உரிமையை இனி தயாரிப்பாளருக்கோ இசை நிறுவனத்துக்கோ எழுதிக் கொடுத்துவிட முடியாது. திருட்டுக் கோப்பில் கேட்டால் அந்தப் பங்கு பிறப்பதே இல்லை.

ஸ்பாட்டிஃபையில் மூன்று புள்ளியைத் தொட்டால் கிரெடிட்ஸ் வரும். அப்பா இப்போது ஒவ்வொரு பாட்டுக்கும் அதைத் திறந்து, எழுதியவர் பெயரைச் சத்தமாகப் படிக்கிறார். 43இல் 38 கிடைத்துவிட்டன. மீதி ஐந்தும் தாளில் அடிக்கோடிட்டு ஃபிரிட்ஜ் மேல் ஒட்டியிருக்கிறது.