லிபியா செய்திக் காப்பி எழுதும் தம்பிகளுக்கு: தவிர்க்க வேண்டிய தவறுகள்

2025 மே மாதம், கடைசி எடிஷன் மூட முக்கால் மணி நேரம் இருக்கும்போது பத்திரிகை டெஸ்க்கில் புதிதாகச் சேர்ந்த தம்பி ஒரு காப்பி கொண்டுவந்து வைத்தான். "திரிபோலியில் அரசுப் படைக்கும் ஆயுதக்குழுவுக்கும் மோதல்: ஆயுதக்குழுத் தலைவர் பலி." பலியானவர் கனீவா என்று அழைக்கப்பட்ட அப்துல் கனி அல்-கிக்லி.

தலைப்பைப் பார்த்ததும் எனக்குச் சுருக்கென்றது. கிட்டத்தட்ட இதே தலைப்பை 2013-இல் நானே போட்டு, வாங்கிக் கட்டிக்கொண்டிருக்கிறேன். அதனால்தான் இதை எழுதுகிறேன். கடாபியா கடாஃபியா என்பதும், லெபனானிலும் ஒரு திரிபோலி இருப்பதும் இங்கே வராது. அதெல்லாம் ஒரு வாரத்தில் தானாகச் சரியாகிவிடும்.

இந்தப் பக்கம் அரசு, அந்தப் பக்கம் ஆயுதக்குழு என்று பிரிப்பது

2013 அக்டோபர் 10, விடிவதற்கு முன்னால். பிரதமர் அலி ஜெய்தானை அவர் தங்கியிருந்த திரிபோலி ஹோட்டலிலிருந்து துப்பாக்கியோடு வந்தவர்கள் தூக்கிக்கொண்டு போனார்கள். சில மணி நேரத்தில் வெளியே வந்துவிட்டார். நான் போட்ட தலைப்பு: "லிபியப் பிரதமரைக் கடத்திய போராளிகள்: அரசுப் படை மீட்டது." எழுதும்போது ஒரு சந்தேகமும் வரவில்லை. கடத்தியவன் அரசுக்கு எதிரி, மீட்டவன் அரசு, வேறென்ன?

மறுநாள் ஒரு வாசகர் ஆபீசுக்குப் போன் செய்தார். கன்னியாகுமரிப் பக்கத்துக்காரர். லிபியாவில் கிரேன் ஓட்டிக்கொண்டிருந்தவர், 2011-இல் இந்திய அரசு அனுப்பிய கப்பலில் பெங்காஸியிலிருந்து தப்பி வந்தவர். திட்டவெல்லாம் இல்லை. "தம்பி, கடத்துனவனும் கவர்மென்ட் சம்பளம் வாங்குறவன்தானே? அதை விட்டுட்டீங்களே" என்று மட்டும் கேட்டார்.

செய்தி ஏஜென்சி காப்பியைத் திரும்ப எடுத்துப் பார்த்தேன். நாலாவது பத்தியில் இருந்தது. கடத்தியதாகச் சொல்லப்பட்ட 'லிபியப் புரட்சியாளர்கள் செயல்பாட்டு அறை' அரசு அங்கீகாரம் பெற்ற அமைப்பு. பிரதமரை வைத்திருந்த இடம் உள்துறை அமைச்சகத்தின் கீழ் வரும் குற்றத்தடுப்புப் பிரிவு. அரசு வழக்கறிஞர் உத்தரவின் பேரில் 'கைது' செய்ததாக அவர்கள் சொன்னார்கள். அப்படி உத்தரவே இல்லை என்று அரசு மறுத்தது. மீட்கப் போனவர்களிலும் இன்னொரு ஆயுதக்குழு இருந்தது. என் தலைப்பில் லிபியா என்ற சொல்லைத் தவிர எதுவுமே உருப்படியில்லை.

இது எப்படி நடந்தது என்று புரிந்துகொண்டால்தான் இந்தத் தவறு போகும். 2011 ஆகஸ்டில், சர்வாதிகாரி கடாபிக்கு எதிரான புரட்சியில், தலைநகர் திரிபோலி விழுந்தபோது உள்ளே நுழைந்தது ஒரே ராணுவம் அல்ல. ஜின்தான் என்ற மலை ஊரிலிருந்து ஒரு கூட்டம், மிஸ்ராத்தாவிலிருந்து ஒரு கூட்டம், நகரத்துக்குள்ளேயே ஒவ்வொரு வட்டாரத்திலும் ஒரு கூட்டம். யார் எதைப் பிடித்தார்களோ அது அவர்களுடையது. விமான நிலையம் ஜின்தான்காரர்கள் கையில் போனது. 2014 ஜூலையில் மிஸ்ராத்தா அணி வந்து தாக்கும்வரை அங்கேயே இருந்தார்கள். அந்தச் சண்டையில் விமான நிலையமே எரிந்து நாசமானது.

இடைக்கால அரசிடம் நம்பத் தகுந்த போலீசும் இல்லை, ராணுவமும் இல்லை. எண்ணெய்ப் பணம் மட்டும் இருந்தது. எனவே குழுக்களைக் கலைக்காமல் அப்படியே சம்பளப் பட்டியலில் ஏற்றினார்கள். உள்துறையின் கீழ் உச்சப் பாதுகாப்புக் குழு, பாதுகாப்புத் துறையின் கீழ் 'லிபியக் கேடயம்'. தனித்தனி ஆளாகச் சேர்க்கவில்லை. தளபதியோடு, கொடியோடு, வண்டியோடு முழுக் குழுவாகச் சேர்த்தார்கள். காசு கருவூலத்திலிருந்து வரும். உத்தரவு பழைய தளபதியிடமிருந்து வரும்.

சம்பளம் கிடைக்கும் என்றதும் புரட்சியாளர்கள் பெருகினார்கள். புரட்சியில் சண்டை போட்டதாகப் பதிவு செய்துகொண்டவர்கள் இரண்டு லட்சத்தைத் தாண்டினார்கள். அத்தனை பேர் நிஜமாகவே களத்தில் இருந்திருந்தால் கடாபி எட்டு மாதம் தாக்குப்பிடித்திருக்க மாட்டார். 2012-இல் முன்னாள் போராளிகளுக்கு ரொக்கம் கொடுத்தபோது செத்தவர்கள் பெயரிலும், துப்பாக்கியையே தொடாதவர்கள் பெயரிலும் பணம் போனது. ஏப்ரலில் நிறுத்தினார்கள். மே 8 அன்று பணம் கேட்டு வந்தவர்கள் பிரதமர் அலுவலகத்தின் மீதே சுட்டார்கள்.

எண்ணெய்த் துறைமுகங்களின் கதை இன்னும் மோசம். அவற்றைக் காக்க அரசு சம்பளத்தில் ஒரு காவல் படை இருந்தது. அதன் மத்தியப் பகுதித் தளபதி இப்ராஹீம் ஜத்ரான் 2013 கோடையில் துறைமுகங்களை இழுத்துப் பூட்டினார். 2014 மார்ச்சில் அவர் ஆட்கள் 'மார்னிங் குளோரி' என்ற கப்பலில் எண்ணெய் ஏற்றி அனுப்ப, அரசால் தடுக்க முடியவில்லை. நாடாளுமன்றம் ஜெய்தானைப் பதவியிலிருந்து தூக்கியது. கப்பலைக் கடைசியில் சைப்ரஸ் அருகே பிடித்தது அமெரிக்கக் கடற்படை. "வேலியே பயிரை மேய்ந்தது" என்று தலைப்பு வைக்கக் கை பரபரக்கும். வேலிக்குக் கூலியும் அதே பயிரிலிருந்துதான் போனது என்பதையும் சேர்த்து எழுதினால் வையுங்கள்.

2014-க்குப் பிறகு திரிபோலியிலும் கிழக்கிலுமாக இரண்டு அரசாங்கங்கள் சண்டை போட்டபோதுகூட, இரண்டு பக்கத்து ஆட்களுக்கும் திரிபோலியிலுள்ள ஒரே மத்திய வங்கியிலிருந்து சம்பளம் போய்க்கொண்டிருந்தது. இதைப் படித்த அன்று நான் டீ குடிக்கப் போய்விட்டேன்.

ஆகவே, யார் சம்பளம் தருகிறார், யார் சொன்னால் சுடுவான், இரண்டும் ஒரே ஆளா என்று பாருங்கள். சீருடை, முத்திரை, அமைச்சகத்தின் பெயர் எதுவும் இதற்குப் பதில் சொல்லாது. கனீவா கதையும் இதுதான். ஆயுதக்குழுத் தலைவர் என்பது சரி. ஆனால் 2021 ஜனவரியில் ஜனாதிபதி சபையே உத்தரவு போட்டு உருவாக்கிய 'ஸ்திரத்தன்மை ஆதரவு அமைப்பு' என்ற அரசு அமைப்பின் தலைவரும் அவர்தான். அவர் கொல்லப்பட்டது 444-ஆவது படைப்பிரிவின் முகாமில். அதுவும் பாதுகாப்பு அமைச்சகத்தின் கீழ் வருவது. "அப்ப தலைப்புல என்னண்ணே போடுறது?" என்றான் தம்பி. "பெயரைப் போடு, ஊரைப் போடு. மிச்சத்துக்கு முதல் பத்தியில ரெண்டு வாக்கியம் எடுத்துக்க" என்றேன்.

'பழங்குடி மோதல்'

ஆங்கிலக் காப்பியில் வரும் சொல்லை அகராதி பார்த்துப் 'பழங்குடி' என்று பெயர்த்துவிடுகிறார்கள். நம் வாசகர் மனதில் உடனே தோடரும் இருளரும் வந்து நிற்பார்கள். அரபியில் கபீலா என்பது பெரிய வம்சம். அதில் டாக்டர் இருப்பார், வங்கி மேலாளர் இருப்பார். 'குலம்' என்று எழுதலாம். அதைவிட முக்கியம், பல சண்டைகள் குலச் சண்டையே அல்ல. மிஸ்ராத்தா துறைமுக நகரம், ஜின்தான் மலை ஊர். ஊருக்கும் ஊருக்கும் சண்டை, விமான நிலையத்தையும் அமைச்சகத்தையும் பிடிக்கச் சண்டை.

'கடாபி காலத்தில் பலமான ராணுவம் இருந்தது'

இல்லை. 1969-இல் 27 வயதில் ராணுவத்தை வைத்து மன்னரைக் கவிழ்த்தவர் அவர். அதே வழியில் இன்னொருவன் வருவான் என்று அவருக்குத் தெரியாதா? ராணுவத்தைத் தேயவிட்டு, மகன் கமீஸ் தலைமையிலான 32-ஆவது படைப்பிரிவு போன்ற சொந்தப் படைகளைத்தான் ஊட்டி வளர்த்தார். அந்தப் படைகள் உடைந்ததும் புதிய அரசின் கைக்கு வந்தது கிட்டத்தட்ட காலிக் கூடு.

துப்பாக்கி முனையை விட்டுவிட்டு 'நாடாளுமன்றம் நிறைவேற்றியது' என்று எழுதுவது

2013 மே 5-இல், கடாபி கால அதிகாரிகள் பதவிக்கு வராமல் தடுக்கும் அரசியல் விலக்கச் சட்டம் நிறைவேறியபோது வெளியுறவு, நீதி அமைச்சகங்களைத் துப்பாக்கிக்காரர்கள் முற்றுகையிட்டிருந்தார்கள். வாக்கு எண்ணிக்கையோடு இதையும் எழுதுங்கள்.

'லிபியப் பிரதமர்'

இரண்டு அரசாங்கங்கள் உள்ள நாளில் எந்தப் பிரதமர்? ஊரைச் சேருங்கள்.

ஹஃப்தர் படையை 'தேசிய ராணுவம்' என்பது

அது கிழக்கு லிபியத் தளபதி கலீஃபா ஹஃப்தரின் ஆட்கள் தங்களுக்கு வைத்துக்கொண்ட பெயர். 'ஹஃப்தர் தலைமையிலான படை' போதும்.

தேதிக் குழப்பம்

கடாபி ஆட்சியிலிருந்து விடுதலை அறிவித்தது 2011 அக்டோபர் 23, பெங்காஸியில். 2019-20 திரிபோலிப் போருக்குப் பிறகு ஜெனீவாவில் போர்நிறுத்தம் கையெழுத்தானது 2020 அக்டோபர் 23. பழைய கோப்பில் தேதியை மட்டும் வைத்துத் தேடினால் இரண்டும் சேர்ந்து வரும். ஆண்டைப் பார்த்து எடுங்கள்.