முடி முதல் மொழி வரை: குணச்சித்திர நடிகர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஒரு படத்தில் ஊர்ப் பெரியவர் வேடம் கிடைத்து, அம்பாசமுத்திரத்தில் முதற்கட்டப் படப்பிடிப்பை முடித்த கையோடு, மகளுக்காக நேர்ந்திருந்த வேண்டுதலை நிறைவேற்றத் திருச்செந்தூருக்குப் போய் முடியிறக்கிக்கொண்டேன். இன்னும் இரண்டு காட்சிகள் பாக்கியிருந்தன. விக் வைத்துப் பார்த்தார்கள். முன்பு எடுத்த காட்சியில் வெற்றிலைப் பெட்டியைத் திறக்கக் குனிந்தபோது தெரிந்த உச்சந்தலையும் இந்த விக்கும் ஒன்றாக இல்லை. இரண்டு காட்சிகளும் கைவிடப்பட்டன. குற்றம் முழுவதும் என்னுடையது. விடுபட்ட துண்டுக் காட்சிகளைப் பின்னர் எடுக்கும் பேட்ச் ஒர்க்கும் முடிந்துவிட்டதாக உதவி இயக்குநர் சொல்லும் வரை, ஒப்பந்தமான நடிகரின் முடியும் மீசையும் அந்தப் பாத்திரத்துக்கே உரியவை. துண்டு எந்தத் தோளில் கிடந்தது, செம்பு எந்தக் கையில் இருந்தது என்பதை உடைகளைக் கவனிப்பவர் பார்த்துக்கொள்வார் என்று விட்டுவிடாமல், காட்சி முடிந்ததும் உடை மாற்றும் முன் கைபேசியில் ஒரு படம் எடுத்து வைப்பது நல்லது.

நம் நெல்லைப் பக்கத்திலிருந்து போகும் நடிகர்கள் செய்யும் பெரிய தவறு வேறொன்று. வட்டார வழக்கில் பேச வேண்டும் என்றவுடன் எல்லா வரியிலும் ‘ஏலே’ சேர்த்துவிடுகிறார்கள். நெல்லைப் பேச்சில் ‘லே’ இளையவருக்கும் நெருங்கிய சேக்காளிக்கும் உரியது. ஒத்த வயதுக்காரரை ஓரளவு மதிப்போடு அழைக்க ‘வே’ இருக்கிறது. மூத்தவரிடம் ‘அண்ணாச்சி, எப்பம் வந்திய?’ என்றுதான் கேட்போம். ஒரு தொடரில் மருமகன் மாமனாரைப் பார்த்து ‘ஏலே, எப்ப வந்தே?’ என்று கேட்கும்படி எழுதியிருந்தார்கள். அந்த ஒரு சொல், மரியாதையான மருமகனைச் சண்டைக்காரனாக்கிவிடும். வசனம் எழுதியவர் இந்த ஊர்க்காரர் இல்லையென்றால் அது அவர் பிழையாகாது. தெரிந்திருந்தும் வாயை மூடிக்கொண்டு பேசிவிடுவதுதான் பிழை. ஆனால் டேக் நடுவே நிறுத்தித் திருத்தக் கூடாது. ஒத்திகைக்கு முன்பே உதவி இயக்குநரைத் தனியே அழைத்துச் சொன்னால், பெரும்பாலும் மகிழ்ச்சியோடு மாற்றிக்கொள்வார்கள்.

தொடர்களில் வசனத்தைப் பக்கத்தில் நின்று படித்துக்கொடுக்கும் பிராம்ப்டிங் வழக்கம் உண்டு. அதையே நம்பிப் பழகியவரின் கண்கள், எதிரில் அழும் பெண்ணைப் பார்க்காமல், காதுக்கு வரப்போகும் அடுத்த சொல்லுக்காகக் காத்திருக்கும். குளோசப்பில் அது அப்பட்டமாகத் தெரியும். தாள் கைக்கு வந்தவுடன் உங்கள் வரிகளோடு எதிராளியின் கடைசிச் சொற்களையும் மனத்தில் ஏற்றிக்கொள்ளுங்கள். உங்கள் தோளுக்குப் பின்னாலிருந்து எதிராளியைக் காட்டும் சஜஷன் ஷாட்டில் உங்கள் முதுகுதானே தெரிகிறது என்று உணர்ச்சியின்றி ஒப்பிப்பதும் வேண்டாம், எதிரே நடிப்பவர் உங்கள் முகத்தைப் பார்த்துத்தான் நடிக்கிறார்.

தேதி விஷயத்தில் ஊரிலிருந்து போய் வருவோர் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். மாலையில் அழைத்து மறுநாள் காலை சென்னைக்கு வரச் சொல்வது தொடர்களில் சாதாரணம். நெல்லை எக்ஸ்பிரஸில் இடம் கிடைக்குமா என்று தெரியாமலே ‘வந்துவிடுகிறேன்’ என்று சொல்லி, 600 கிலோமீட்டருக்கு அப்பால் சிக்கிக்கொள்வதைவிட, முடியாது என்று அப்போதே சொல்லிவிடுவது மேல். தயாரிப்பு மேனேஜர் வேறொருவரை ஏற்பாடு செய்துகொள்வார், அடுத்த முறையும் உங்களை அழைப்பார்.

இரண்டு படங்களில் முகம் தெரிந்தவுடன் வேலையை விட்டுவிட்டு, சென்னையில் சினிமாக்காரர்கள் நிறைந்த சாலிகிராமத்தில் அறை எடுக்கும் இளைஞர்களைப் பார்க்கும்போது எனக்கு மனம் பதறுகிறது. வல்லநாட்டில் பிறந்த டெல்லி கணேஷ், 1964 முதல் பத்தாண்டுகள் விமானப் படையில் பணியாற்றி, டெல்லியில் நாடகம் நடித்துப் பழகி, அதன் பிறகே திரைக்கு வந்தார். வேடம் தருகிறேன் என்று முன்பணம் கேட்பவரிடம் ஒரு ரூபாயும் கொடுக்காதீர்கள்.

சம்பளம் நாள் கணக்கா, மொத்தத் தொகையா, பேட்டா எனும் தினப்படியும் பயணச் செலவும் தனியா என்பதை ஒப்புக்கொள்ளும்போதே கேட்டு எழுதி வையுங்கள். அதில் 10 சதவீதம் வரி பிடித்திருந்தால், வருமானம் குறைவுதானே என்று கணக்குத் தாக்கல் செய்யாமல் விடுவது, திரும்ப வர வேண்டிய பணத்தை இழப்பதாகும். பாக்கித் தொகையை டப்பிங் பேசும் முன்பே கேளுங்கள். குரலும் பதிவாகிவிட்டால் அவர்களுக்கு நம்மிடம் வேறு வேலை இருக்காது. அதன் பிறகு மேனேஜரின் கைபேசி ஒலித்துக்கொண்டேதான் இருக்கும்.