திகில் பட நடிகையின் திரைவாழ்வைத் தொகுப்பது எப்படி?

பெரிய நட்சத்திரமாகாத திகில் பட நடிகை ஒருவரின் திரைவாழ்வைத் தொகுக்க விரும்பும் தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரத் தமிழ் ரசிகர்கள், முதலில் அவருடைய திரைப்பெயர்கள் அனைத்தையும் திரட்ட வேண்டும். ஸ்பெயின் நடிகை சோலேடாட் மிராண்டா, 1970-இல் வெளியான டிராகுலா படமொன்றில் லூசி என்ற பாத்திரத்தில் சொந்தப் பெயரிலும், 1971-இல் வந்த மேற்கு ஜெர்மனிக் கூட்டுத் தயாரிப்புகளில் சூசன் கோர்டா என்ற பெயரிலும் இடம்பெற்றார்; ஆனால் 1970 ஆகஸ்டிலேயே, 27 வயதில், கார் விபத்தில் இறந்துவிட்டார். ஆகவே படப்பிடிப்பு ஆண்டையும் வெளியீட்டு ஆண்டையும் தனித்தனியே குறியுங்கள். இல்லையெனில் இறந்த பிறகும் அவர் நடித்ததாகவே பட்டியல் காட்டும்.

டர்பனின் கிரே தெருத் திரையரங்குகளில் படம் பார்த்த பெரியவர்களையும் விசாரியுங்கள். அவர்களுக்கு ஒரு காட்சி நினைவில்லை என்பதற்காக அது படத்திலேயே இல்லை என்று முடிவுகட்டிவிடாதீர்கள். 1963-ஆம் ஆண்டு வெளியீடுகள், கேளிக்கைகள் சட்டத்தின் கீழ் தென்னாப்பிரிக்கத் தணிக்கை வாரியம் படங்களை வெட்டியே அனுமதித்ததுண்டு. முழுப் பிரதியுடன் ஒப்பிட்டு, சில நொடிகளே வந்துபோகும் வேடத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அவ்வளவு உழைப்பும் அந்த நடிகைக்கு உரியதே.