அப்பாவின் பென்ஷன் ஊரில், நாம் சிங்கப்பூரில்: வழக்கை எங்கே போடுவது?

தேக்காவில் நான் வேலை பார்க்கும் லாயர் ஆபிஸில் நம்மவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்வி இது: "அண்ணே, அப்பா தமிழ்நாட்டில் கவர்மென்ட் வேலை பார்த்து ரிட்டயர் ஆனவர். அவர் காலமானதும், நான்தான் மனைவி என்று இன்னொருவர் குடும்ப ஓய்வூதியம் கேட்டு மனு கொடுத்திருக்கிறார். அம்மா இங்கே என்னோடு வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டில் இருக்கிறார். ஹாவ்லாக் ஸ்குவேர் குடும்ப நீதிமன்றத்தில் கேஸ் போடலாமா?"

அங்கே போய்ப் பயனில்லை. கணவன் மனைவி இருவரும் உயிரோடிருந்து விவாகரத்து கேட்டால், ஒருவராவது சிங்கப்பூரை நிரந்தரத் தாயகமாகக் கொண்டிருந்தாலோ 3 ஆண்டு தொடர்ந்து இங்கே வசித்திருந்தாலோ இங்குள்ள கோர்ட் விசாரிக்கும். முஸ்லிம் தம்பதி என்றால் ஷரியா நீதிமன்றம். ஆனால் தமிழ்நாட்டுக் கருவூலம் தரும் பென்ஷன் யாருக்கு என்பது ஊரில்தான் முடிவாகும்.

அப்பா அரசு ஊழியர் என்பதால் எல்லாத் தகராறுக்கும் ஒரே தனிக் கோர்ட் என்று எதுவும் கிடையாது. சண்டை யாருக்கும் யாருக்கும், எதற்காக என்று முதலில் பிரித்துப் பாருங்கள். சட்டப்படியான மனைவி யார் என்பதுதான் தகராறு என்றால், 1984ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றங்கள் சட்டம், 7ஆவது பிரிவுப்படி குடும்ப நல நீதிமன்றம். முதல் மனைவி உயிரோடிருக்க, விவாகரத்து ஆகாமல் செய்த இரண்டாவது கல்யாணம் இந்து திருமணச் சட்டப்படி செல்லாது. ஆனால் அதில் பிறந்த பிள்ளைகள் முறைப்படியான பிள்ளைகளே. அந்தப் பிள்ளைகளை விரட்டும் நோக்கத்தோடு வழக்குப் போட வருபவர்களிடம் இதை நான் அழுத்திச் சொல்லிவிடுவேன்.

மனைவி யார் என்பதில் தகராறே இல்லை, துறைதான் பணம் தர மறுக்கிறது என்றால் குடும்ப நல நீதிமன்றத்துக்கு அதில் வேலை இல்லை. மாநில அரசு ஊழியர் என்றால் சென்னை உயர் நீதிமன்றம். தஞ்சாவூர், புதுக்கோட்டை, திருநெல்வேலிப் பக்கம் என்றால் மதுரைக் கிளை. ரயில்வே போன்ற மத்திய அரசு வேலை என்றால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம், ராணுவம் என்றால் ஆயுதப்படைத் தீர்ப்பாயம். பேங்கில் கிடக்கும் பணத்துக்கு மாவட்ட நீதிமன்றத்தில் வாரிசுரிமைச் சான்று வாங்கவேண்டியிருக்கும். தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழ் தகராறைத் தீர்க்காது.

உயில் இருக்கிறதே என்று பலர் நம்பிக்கையோடு வருகிறார்கள். குடும்ப ஓய்வூதியம் இறந்தவரின் சொத்தில் சேராது, அதை உயில் எழுதி யாருக்கும் கொடுக்க முடியாது என்று இந்திய உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. அதனால் உயிலை ஓரமாக வைத்துவிட்டு, ஓய்வூதியக் கொடுப்பாணையைத் தேடுங்கள். ஊரில் பிபிஓ என்பார்கள். சென்னை தேனாம்பேட்டை மாநிலக் கணக்காயர் அலுவலகம் கொடுப்பது. அதில் ஒரு பாதி அப்பாவிடம் இருந்திருக்கும், மறு பாதி கருவூலத்தில் இருக்கும். குடும்ப ஓய்வூதியத்துக்கு யார் பெயர், என்ன பிறந்த தேதி என்று அதில் பாருங்கள். அம்மாவின் பெயர் இருந்தால் பெரிய பலம். ஆனால் அதுவே கடைசித் தீர்ப்பு ஆகிவிடாது. கல்யாணப் பத்திரிகை, பழைய ரேஷன் கார்டு, பணிப்பதிவேட்டில் அப்பா எழுதிக்கொடுத்த குடும்ப விவரம் எல்லாவற்றையும் சேர்த்து வையுங்கள்.

அப்பா உயிரோடு இருந்து அம்மாவைக் கவனிக்காமல் விட்டிருந்தால் அது ஜீவனாம்ச வழக்கு. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125ஆவது பிரிவு என்றார்கள். 2024 ஜூலை 1 முதல் அதற்குப் பதிலாக வந்த புதிய சட்டத்தில் 144ஆவது பிரிவு. அம்மா ஊரில் இருந்தால், அவர் வசிக்கும் இடத்திலேயே போடலாம், அப்பா இருக்கும் ஊரைத் தேடிப் போகவேண்டியதில்லை.

வழக்குப் போடவேண்டியவர் அம்மா, நீங்கள் அல்ல. இங்கிருந்து அவரால் அலைய முடியாது என்றால் ஊரில் மாமாவுக்கோ சித்தப்பாவுக்கோ பவர் (அவர் சார்பில் செயல்பட அதிகாரம் தரும் பத்திரம்) எழுதிக் கொடுக்கலாம். இங்கே நோட்டரி முன் அம்மா கையெழுத்துப் போட்டு, சிங்கப்பூர் சட்டக் கழகத்தில் (Singapore Academy of Law) அப்போஸ்டில், அதாவது பத்திரம் வெளிநாட்டில் செல்லுபடியாவதற்கான சான்று, வாங்கி அனுப்புங்கள். பத்திரம் இந்தியா போய்ச் சேர்ந்த 3 மாதத்துக்குள் அங்கே முத்திரைத் தீர்வை கட்டிவிடவேண்டும். அப்புறம் ஒன்று: கல்யாணம் எப்போது, எங்கே நடந்தது, எப்படிக் குடும்பம் நடத்தினார்கள் என்று அம்மாவுக்கு மட்டுமே தெரிந்ததை பவர் வாங்கியவர் சாட்சியாகச் சொல்ல முடியாது. அம்மா சாட்சி சொல்லவேண்டிய நாளுக்கு அவரை அழைத்துப்போக இப்போதே லீவு பார்த்து வையுங்கள்.