இறுக்கமா, பலக்குறைவா, சதைக் கிழிசலா: கையால் பார்த்து கிரேடு போடுவது எப்படி

பக்கவாதம் வந்து படுத்திருப்பவர் வீட்டில் "கை வரமாட்டேங்குதுங்க" என்பார்கள். கபடி ஆடிவிட்டு நொண்டிக்கொண்டு வருகிற பையனும் "கால் வரலைங்க" என்பான், கழுத்தில் நரம்பு அழுந்திப்போன தறிக்காரரும் அதையேதான் சொல்வார். ஆனால் உள்ளே நடப்பது வேறு வேறு. முதல் ஆளுக்கு மூளையின் கட்டுப்பாடு விட்டுப்போய் சதை தானாக இறுகுகிறது, பையனுக்கு சதை நார் கிழிந்திருக்கிறது, தறிக்காரருக்கு சதைக்கு வரவேண்டிய உத்தரவே வழியில் தடைபடுகிறது. மூன்று பேருக்கும் ஒரே எண்ணெய், ஒரே நீவல் என்று போனால் ஒருவருக்காவது கெடுதல் நிச்சயம்.

நான் கொங்குப் பக்கம் வீடு வீடாகப் போய் பிசியோ செய்கிறவன். புதிதாகப் படித்து வருகிற தம்பி தங்கைகளுக்கும், வீட்டில் ஆளை வைத்துப் பார்த்துக்கொள்கிறவர்களுக்கும் சேர்த்தே எழுதுகிறேன். கிரேடு போடுவது ரிப்போர்ட்டை நிரப்புவதற்கு இல்லை, போன மாதத்துக்கு இந்த மாதம் தேவலையா, மோசமா என்று தெரிந்துகொள்ள. அது தெரியவேண்டுமென்றால் இரண்டு தடவையும் ஒரே மாதிரி பார்த்திருக்கவேண்டும், இதில்தான் பெரும்பாலும் கோட்டை விடுகிறார்கள்.

அதற்கு முன்னால் அவசரமான ஒன்று. திடீரென்று ஒரு பக்கம் கை கால் விழுந்தால், வாய் கோணினால், பேச்சு குழறினால் கிரேடு பார்த்துக்கொண்டு உட்காராதீர்கள். 108-ஐக் கூப்பிடுங்கள், கடைசியாக எத்தனை மணிக்கு நன்றாக இருந்தார் என்பதைக் குறித்துக்கொண்டு போங்கள், ஏனென்றால் ரத்தக்கட்டியைக் கரைக்கும் ஊசியைப் பொதுவாக 4.5 மணி நேரத்துக்குள் போட்டாக வேண்டும். காலில் ஆரம்பித்து நாளுக்கு நாள் மேலே ஏறுகிற பலக்குறைவு, இடுப்பு வலியோடு ஒன்றுக்குப் போவதே தெரியாமல் போவது, இவையும் அன்றைக்கே டாக்டர் பார்க்கவேண்டியவை.

சரி, இறுக்கத்துக்கு வருவோம். நம் வீடுகளில் ஆசாரத்தில், அதாவது முன் கூடத்தில், கயிற்றுக் கட்டிலைப் போட்டு அதில்தான் படுக்க வைத்திருப்பார்கள். அதில் வைத்துப் பார்க்காதீர்கள். நடுவில் தொய்ந்து இடுப்பு உள்ளே போய்விடும், முழங்கால் தானாக மடங்கிக்கொள்ளும், இருக்கிற இறுக்கம் ஒன்று, உங்கள் கைக்குத் தெரிவது இன்னொன்று. மர பெஞ்சிலோ கீழே பாய் விரித்தோ மல்லாக்கப் படுக்க வைத்து, தலை நேராக இருக்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள், தலை ஒரு பக்கம் திரும்பியிருந்தாலே சிலருக்குக் கையின் இறுக்கம் மாறும். தை மாசக் காலைக் குளிரில் பார்த்ததையும் பங்குனி மத்தியான வெயிலில் பார்த்ததையும் ஒப்பிடுவதில் அர்த்தமில்லை. இறுக்கத்தைக் குறைக்கிற மாத்திரையை எப்போது விழுங்கினார் என்பதும் முக்கியம்.

முழங்கையை எடுத்துக்கொள்ளுங்கள். முழுக்க மடக்கிய நிலையிலிருந்து ஒரு விநாடிக்குள் நீட்டவேண்டும். அவர் எதுவும் செய்யக் கூடாது. "அப்புச்சி, கையை உதறி விட்ட மாதிரி விடுங்க" என்றால், "உட்டுத்தான் கண்ணு இருக்கறேன்" என்பார், ஆனால் உங்களுக்கு உதவி செய்வதாக நினைத்துக்கொண்டு தானும் சேர்ந்து நீட்டுவார். வேறு ஏதாவது பேச்சுக் கொடுத்துவிட்டு நீட்டிப் பாருங்கள். பாதி வழியில் வெடுக்கென்று பிடித்துக்கொண்டு, ஒரு கணம் நின்று, பிறகு விட்டுக்கொடுப்பது உங்கள் விரல்களுக்கே தெரியும். நாம் தேடுவது அந்தப் பிடிப்பைத்தான்.

இதற்கு எல்லோரும் போடுவது திருத்திய ஆஷ்வொர்த் அளவு. 1964-இல் ஆஷ்வொர்த் கொண்டுவந்ததை 1987-இல் போஹானனும் ஸ்மித்தும் திருத்தி நடுவில் 1+ என்பதைச் சேர்த்தார்கள். இறுக்கமே கூடவில்லை என்றால் 0. லேசாகப் பிடித்து விட்டுவிடுகிறது, அல்லது கடைசியில் மட்டும் கொஞ்சம் தடுக்கிறது என்றால் 1. பிடித்த பிறகு மிச்ச தூரமும் லேசான தடை இருக்கிறது, ஆனால் அந்தத் தடை மொத்த அசைவில் பாதிக்கும் குறைவாகத்தான் இருக்கிறது என்றால் 1+. அசைவின் பெரும்பகுதியிலும் இறுக்கம் நன்றாகத் தெரிகிறது, ஆனாலும் சுலபமாக அசைக்க முடிகிறது என்றால் 2, அசைப்பதே சிரமம் என்றால் 3, மடங்கியோ நீண்டோ அப்படியே விறைத்துக் கிடந்தால் 4. இரண்டு மூன்று தடவைக்கு மேல் நீட்டாதீர்கள். நீட்ட நீட்ட சதை இளகும், ஆறாவது தடவை போடுகிற கிரேடு நிஜத்தை விட நல்லதாகத் தெரியும்.

இந்த அளவில் எனக்கு ஒரு மனக்குறை உண்டு. 3 என்று எழுதினால் அது நரம்புக் கோளாறால் வந்த இறுக்கமா, பல மாதம் மடக்கியே வைத்திருந்து சதையே குட்டையாகிவிட்டதா என்று தெரியாது. அதனால் டார்டியூ முறையையும் பழகிக்கொள்ளுங்கள் என்று கெஞ்சிக் கேட்பேன். முதலில் மிக மெதுவாக நீட்டி எந்தக் கோணம் வரை போகிறது என்று அளந்துகொள்ளுங்கள், அப்புறம் வேகமாக நீட்டி எந்தக் கோணத்தில் பிடிக்கிறது என்று பாருங்கள். இரண்டுக்கும் இடைவெளி பெரிதாக இருந்தால் இறுக்கம்தான் முக்கியமான பிரச்சினை, மாத்திரையோ, சதையைத் தளர்த்துகிற போடாக்ஸ் ஊசியோ பலன் தர வாய்ப்பு இருக்கிறது. இரண்டும் ஏறக்குறைய ஒரே இடத்தில் நின்றால் சதை சுருங்கிவிட்டது என்று பொருள், ஊசி போட்டு மட்டும் கை நீளாது, கையை நீட்டியபடி பிடித்துவைக்கிற ஸ்ப்ளின்டும் நீட்டிப்புப் பயிற்சியும் வேண்டும். மெதுவாக அசைத்தாலும் வேகமாக அசைத்தாலும் ஒரே மாதிரி கடினமாக இருந்து, நடுக்கமும் சேர்ந்திருந்தால் பார்க்கின்சன் மாதிரி வேறு வியாதியாக இருக்கலாம், அதற்கு இந்த அளவு இல்லை.

போன வாரம் 1+ இருந்தவர் இன்றைக்கு 3-க்கு வந்துவிட்டார் என்றால் உடனே பயிற்சியைக் கூட்டாதீர்கள். மலச்சிக்கல் இருக்கிறதா, சிறுநீரில் கிருமியா, சிறுநீர் டியூப் மடங்கியிருக்கிறதா, முதுகில் படுக்கைப்புண் வந்திருக்கிறதா, கால் நகம் சதைக்குள் வளர்ந்திருக்கிறதா என்று பாருங்கள். வலியை வாயால் சொல்ல முடியாதவருக்கு இறுக்கம் கூடுவதே முதல் அடையாளமாக இருக்கும்.

பலத்துக்கு 0 முதல் 5 வரை போடுகிற எம்.ஆர்.சி. (பிரிட்டனின் மருத்துவ ஆராய்ச்சிக் குழு) அளவு, இரண்டாம் உலகப்போர் காலத்தில் அங்கே நரம்புக் காயம் பட்டவர்களைப் பார்ப்பதற்காக வெளியானது. இதில் அடிப்படை 3 தான், அங்கிருந்து தொடங்குங்கள். பூமியின் இழுப்பை எதிர்த்து முழுதாகத் தூக்குகிறாரா? கட்டில் விளிம்பில் உட்கார வைத்து முழங்காலை நீட்டச் சொல்லுங்கள். முழுக்க நீட்டினால் 3. அதற்கு மேல் உங்கள் கையால் அழுத்தி, கொஞ்சம் தாங்கினால் 4, அடுத்த பக்கத்து நல்ல காலைப் போலவே தாங்கினால் 5. தூக்க முடியவில்லை என்றால் ஒருக்களித்துப் படுக்க வைத்து, காலைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு, படுக்கைக்கு இணையாக நீட்டச் சொல்லுங்கள், நீட்டினால் 2. அசைவே இல்லை, ஆனால் தொடைச் சதையில் விரலை வைத்தால் துடிப்பு தெரிகிறது என்றால் 1. அந்த ஒன்றைத் தவறவிடாதீர்கள், சுழியத்துக்கும் ஒன்றுக்கும் நடுவில் இருப்பதுதான் அந்தக் குடும்பத்தின் நம்பிக்கை முழுவதும்.

நோயாளி வேண்டுமென்று ஏமாற்ற மாட்டார், உடம்பு ஏமாற்றும். கையைத் தூக்கச் சொன்னால் தோள்பட்டையைக் காதுக்கு ஏற்றி, உடம்பைச் சாய்த்துத் தூக்கும். விரல் பலத்தைப் பார்க்கும்போது இன்னும் கவனம் தேவை, மணிக்கட்டைப் பின்னால் வளைத்தாலே நாண் (சதையை எலும்போடு இணைக்கிற நார்) இழுபட்டு விரல்கள் தானாக மடங்கும், அதைப் பார்த்து "பிடி வந்திருச்சுங்க" என்று வீட்டில் எல்லோரும் சந்தோஷப்பட்டுவிடுவார்கள். மணிக்கட்டை நேராகப் பிடித்துக்கொண்டு பாருங்கள்.

4 என்கிற கிரேடு ரொம்ப அகலமானது, 5-ம் சில சமயம் ஏமாற்றும். பொள்ளாச்சியில் நாள் முழுக்கத் தேங்காய் உரிக்கிறவருடைய கையை நான் அழுத்தினால் எனக்கு 5 என்றுதான் தெரியும், அவருக்கோ பாதிப் பலம் போயிருக்கும். எனவே எப்போதும் அடுத்த பக்கத்தோடு ஒப்பிடுங்கள். கெண்டைக்கால் சதையைக் கையால் அழுத்திச் சோதிப்பது வீண், ஒற்றைக் காலில் நின்று எத்தனை தடவை குதிகாலைத் தூக்குகிறார் என்று எண்ணுங்கள். பக்கவாதத்தால் இறுக்கம் அதிகமுள்ள கையில் எம்.ஆர்.சி. எண்ணை மட்டும் நம்ப வேண்டாம், அங்கே சதைகள் தனித்தனியாக வேலை செய்யாமல் கூட்டாக இழுக்கும்.

குறிப்பை இப்படி எழுதுங்கள்: "வலது முழங்கை மடக்கும் சதை, ஆஷ்வொர்த் 2, பிடித்த கோணம் 70, மல்லாக்க, காலை 10 மணி, மாத்திரைக்கு ஒரு மணி நேரம் கழித்து." அடுத்த முறை வேறு யார் வந்தாலும் இதைப் பார்த்து அதே மாதிரி செய்ய முடியும்.

சதைக் கிழிசலில் மூன்று கிரேடுதான். அந்தச் சதையை நீட்டினாலும் வலிக்கும், எதிர்த்து இறுக்கச் சொன்னாலும் வலிக்கும், தொட்டாலும் ஒரே இடத்தில் வலிக்கும். வலி மட்டும், பலம் குறையவில்லை என்றால் முதல் கிரேடு, பெரும்பாலும் ஒன்றிலிருந்து மூன்று வாரத்தில் சரியாகும். வீக்கம், கன்னிப்போன நிறம், பலமும் குறைந்திருக்கிறது என்றால் இரண்டு, மாதக்கணக்கில் போகலாம். மூன்றாவது கிரேடில் சதை முழுதாக அறுந்திருக்கும், விரலை வைத்தால் பள்ளம் தெரியலாம், விசித்திரமாக வலி குறைவாகக்கூட இருக்கும். குதிகாலுக்கு மேலே "டப்"பென்று சத்தம் கேட்டது, யாரோ பின்னாலிருந்து உதைத்த மாதிரி இருந்தது என்று சொன்னால் குப்புறப் படுக்க வைத்து, பாதம் விளிம்புக்கு வெளியே தொங்க, கெண்டைக்காலைப் பிசையுங்கள். பாதம் அசையவில்லை என்றால் நாண் அறுந்திருக்கிறது, எலும்பு டாக்டரிடம் தாமதிக்காமல் அனுப்புங்கள். "பாதத்தை அசைக்கறானே" என்று வீட்டார் சொன்னால் சமாதானமாகிவிடாதீர்கள், பக்கத்துச் சதைகளைக் கொண்டு கொஞ்சம் அசைக்க முடியும்.

முதல் இரண்டு மூன்று நாள் சுளுக்கு எடுப்பவரிடம் போய் நீவ வேண்டாம், வெந்நீர் ஒத்தடமும் வேண்டாம், ரத்தக்கசிவு கூடும். மறுபடி மண்டியில் மூட்டை தூக்கவோ கபடிக்கோ போவதற்கு நாள் கணக்கை மட்டும் நம்பாதீர்கள். வலியில்லாமல் முழுதாக நீட்ட வரவேண்டும், எதிர்த்து அழுத்தினால் அடுத்த பக்கத்துக்குச் சமமாகத் தாங்கவேண்டும், அப்புறம் மெதுவாக ஓடி, வேகமாக ஓடி, சட்டென்று திரும்பியும் வலிக்காமல் இருக்கவேண்டும். இதில் ஒன்று குறைந்தாலும் இன்னொரு வாரம் பொறுத்துவிட்டு மறுபடி பாருங்கள்.