வெளிநாட்டில் ஆங்கில ஆசிரியர் வேலை: நாட்டைத் தேர்ந்தெடுக்கும் முன் செய்யும் தவறுகள்

"துபாய் நல்லதா, தாய்லாந்து நல்லதா?" பி.எட். அல்லது எம்.ஏ. இங்கிலீஷ் முடித்தவர்கள் பெரும்பாலும் இந்தக் கேள்வியோடுதான் கன்சல்டன்சி படியேறுகிறார்கள். கேள்வியே தப்பு. ஒரே நாட்டுக்குள் ஆங்கிலம் கற்பிக்கும் வேலை நாலைந்து வகை இருக்கிறது. சான்றிதழ், வேலை நேரம், விசா எல்லாமே வகைக்கு வகை மாறும். கையில் இருக்கும் காகிதங்கள் எந்த வகைக்குப் பொருந்தும் என்று முதலில் பாருங்கள். நாடு அப்புறம்.

வளைகுடாவின் சி.பி.எஸ்.இ. பள்ளிகள் பொதுவாக பி.எட்.டும் இரண்டு வருட அனுபவமும் கேட்கும். பல்கலைக்கழகங்களில் பட்டப்படிப்புக்கு முன் நடத்தும் ஃபவுண்டேஷன் வகுப்புகளுக்கு முதுகலைப் பட்டம் வேண்டும், கூடவே செல்ட்டா (கேம்பிரிட்ஜ் தரும் ஆங்கில ஆசிரியர் பயிற்சிச் சான்றிதழ்) இருந்தால் கை ஓங்கும். மொழிப் பயிற்சி நிலையங்களுக்குப் பட்டமும், ஆங்கிலத்தை அயல்மொழியாகக் கற்பிப்பதற்கான டெஃபல் சான்றிதழும் பல இடங்களில் போதும். ஆனால் அங்கே வகுப்புகள் பெரும்பாலும் மாலையிலும் சனி, ஞாயிறிலும்தான் நடக்கும். குடும்பத்தோடு போகிறவர்கள் இதை யோசிக்காமல் கையெழுத்துப் போட்டுவிடுகிறார்கள்.

அடுத்தது 'நேட்டிவ் ஸ்பீக்கர்', அதாவது ஆங்கிலத்தைத் தாய்மொழியாகப் பேசுபவர்தான் வேண்டும் என்ற சிக்கல். ஆங்கிலம் எவ்வளவு சரளம் என்பதல்ல இங்கே கணக்கு, பாஸ்போர்ட்தான். தென் கொரியாவில் மொழி ஆசிரியர்களுக்குத் தரும் ஈ-2 விசா அடிப்படையில் அமெரிக்கா, பிரிட்டன், கனடா, அயர்லாந்து, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, தென்னாப்பிரிக்கா என்ற ஏழு நாட்டுக் குடிமக்களுக்கானது. இந்தியர்களுக்கு 2010இல் நடைமுறைக்கு வந்த வர்த்தக ஒப்பந்தம் வழியாக ஒரு சின்னக் கதவு உண்டு. அதுவும் ஆசிரியர் தகுதி பெற்றவர்களுக்குத்தான். சீனாவிலும் இதேபோன்ற கட்டுப்பாடு இருக்கிறது. "பிசினஸ் விசாவில் போங்கள், அங்கே மாற்றிக்கொள்ளலாம்" என்று யாராவது சொன்னால் எழுந்து வந்துவிடுங்கள். அந்த விசாவில் வகுப்பெடுப்பது சட்டவிரோதம். பிடிபட்டால் நாடு கடத்தப்படுவது ஆசிரியர்தான், ஏஜென்ட் அல்ல.

ஜப்பானில் கணக்கு வேறு. பள்ளிகளில் உதவி ஆசிரியராக இருப்பதற்கான 'இன்ஸ்ட்ரக்டர்' விசாவுக்கு 12 வருடம் ஆங்கில வழியில் படித்திருக்க வேண்டும். மெட்ரிக் பள்ளியில் முதல் வகுப்பிலிருந்து படித்தவருக்குக் கவலை இல்லை. பத்தாவது வரை தமிழ் வழியில் படித்து, பிளஸ் டூ, பி.ஏ., எம்.ஏ. மட்டும் ஆங்கில வழி என்றால் கூட்டிப் பாருங்கள்: 2+3+2, ஏழுதான். டி.சி.யில் பயிற்று மொழி என்ன போட்டிருக்கிறது என்று விண்ணப்பிக்கும் முன்பே பார்த்துவிட வேண்டும். தாய்லாந்துப் பள்ளிகளில் குருசபா என்ற ஆசிரியர் கவுன்சில் தரும் ஆசிரியர் உரிமமோ தற்காலிக அனுமதியோ தேவை. பி.எட். படித்தவர்களுக்கு இங்கே வழி எளிது. வெறும் டெஃபலை வைத்துக்கொண்டு போகிறவர்கள்தான் திணறுவார்கள்.

டெஃபல் பற்றியும் ஒரு வார்த்தை. தள்ளுபடியில் விற்கும் 120 மணி நேர ஆன்லைன் சான்றிதழும் செல்ட்டாவும் ஒன்றல்ல. செல்ட்டாவும் 120 மணி நேரம்தான், ஆனால் அதில் ஆறு மணி நேரம் உண்மையான மாணவர்கள் முன் பாடம் நடத்தி, அதைப் பயிற்றுநர் மதிப்பிட வேண்டும். நல்ல வேலைகள் கேட்பது அந்த ஆறு மணி நேரத்தைத்தான்.

அதிகம் பேர் மாட்டுவது சான்றிதழில். முதலில் இனிஷியல். டிகிரியில் 'எஸ். கவிதா', பாஸ்போர்ட்டில் 'கவிதா சுப்ரமணியன்', ஆதாரில் வெறும் 'கவிதா'. நமக்கு மூன்றும் ஒருவர்தான், வெளிநாட்டு அதிகாரிக்கு மூன்று பேர். பாஸ்போர்ட்டில் சர்நேம் கட்டத்தைக் காலியாக விட்டவர்களுக்கு 2022 நவம்பரில் அமீரகம் விசிட் விசா விஷயத்தில் கெடுபிடி கொண்டுவந்தது நினைவிருக்கலாம். சான்றிதழ் அசல்தான் என்று அரசு முத்திரை போட்டுத் தரும் அட்டெஸ்டேஷனுக்குக் கொடுக்கும் முன்பே பாஸ்போர்ட்டில் பெயரைச் சரிசெய்து, மூன்று பெயரும் ஒருவரே என்ற நோட்டரி அஃபிடவிட்டையும் வாங்கி வையுங்கள்.

இரண்டாவது, லேமினேஷன். பத்திரமாக இருக்கட்டும் என்று டிகிரியை லேமினேட் செய்துவிடுவது நம் ஊர் வழக்கம். அட்டெஸ்டேஷன் முத்திரை அசலின் பின்பக்கம் விழ வேண்டியது. பிளாஸ்டிக் மேல் குத்த மாட்டார்கள். அதை உரிக்கப்போய்க் கிழிந்தால் டூப்ளிகேட்டுக்கு பல்கலைக்கழகத்துக்கு அலைய வேண்டும். புரொவிஷனலை வைத்தும் சமாளிக்க முடியாது, கான்வகேஷன் சான்றிதழ் வேண்டும்.

அமீரகம், கத்தார், குவைத் என்றால் மாநில உயர்கல்வித் துறை, வெளியுறவு அமைச்சகம், அந்த நாட்டுத் தூதரகம் என்று படிப்படியாகப் போக வேண்டும். ஓமன், பஹ்ரைன், 2022 டிசம்பரிலிருந்து சவுதி ஆகியவை அப்போஸ்டில் (நம் வெளியுறவு அமைச்சகமே தரும், ஒப்பந்த நாடுகள் ஏற்கும் சான்று) ஏற்பவை. தூதரகத்துக்குப் போகும் வேலை இல்லை. ஒரு ஆவணத்துக்கு அப்போஸ்டில் அரசுக் கட்டணம் 50 ரூபாய்தான். மீதி எல்லாம் சர்வீஸ் சார்ஜ் என்று தெரிந்துகொண்டு பேரம் பேசுங்கள். கரஸ்ஸில் படித்த பட்டமானால், அந்த நாடு தொலைநிலைக் கல்வியை ஆசிரியர் பணிக்கு ஏற்குமா என்று பள்ளியிடம் எழுத்தில் கேட்டபிறகே செலவு செய்யுங்கள்.

சம்பளத்தில் மொத்தத் தொகையை மட்டும் பார்ப்பதும் நஷ்டம். அமீரகத்தில் வேலை முடியும்போது தரும் கிராஜுவிட்டி, முதல் ஐந்து வருடத்துக்கு வருடம் 21 நாள் அடிப்படைச் சம்பளம். மாதம் 5,000 திர்ஹம் என்று இரண்டு பள்ளிகள் சொல்கின்றன என்று வையுங்கள். ஒன்றில் பேசிக் 2,000, மற்றதில் 3,500. ஐந்து வருடம் கழித்து முதலாவதில் 7,000, இரண்டாவதில் 12,250. கோடை விடுமுறைக்குச் சம்பளம் உண்டா, வாரத்துக்கு எத்தனை பீரியட், தங்குமிடம் தனி அறையா பங்கா, இந்த மூன்றும் ஒப்பந்தத்தில் எழுத்தாக இருக்க வேண்டும். போனில் சொன்னது செல்லாது.

மாலத்தீவைப் பலர் மறந்துவிடுகிறார்கள். அங்கே பள்ளிகளில் பயிற்று மொழியே ஆங்கிலம், நம் ஆசிரியர்கள் நெடுநாளாகப் போய்வரும் இடம். ஆனால் வேலை மாலேயிலா, சிறு தீவிலா என்று கேட்காமல் போகாதீர்கள். மாலேயில் வாடகை விழுங்கும். தீவில் மருத்துவமனைக்குப் படகுதான்.

ஏஜென்ட் பதிவு பெற்றவரா என்று வெளியுறவு அமைச்சகத்தின் இ-மைக்ரேட் தளத்தில் பார்க்கலாம். சட்டப்படி அவர் வாங்கக்கூடிய கட்டணம் 30,000 ரூபாயும் ஜி.எஸ்.டி.யும் மட்டுமே. லட்சக்கணக்கில் கேட்டால் சந்தேகப்படுங்கள். கிண்டியில் தமிழக அரசின் அயல்நாட்டு வேலைவாய்ப்பு நிறுவனமும் இருக்கிறது. பணம் கட்டும் முன் அங்கே ஒரு நடை விசாரித்துவிடுங்கள். அசல் சான்றிதழை யாரிடம் கொடுத்தாலும் எந்தெந்தச் சான்றிதழ், என்ன தேதி என்று எழுதி, கையெழுத்தோடு ரசீது வாங்காமல் வராதீர்கள்.