ஸ்பெயினின் பழைய கார்ட்டூன் குறும்படங்கள்: பார்ப்பவர்கள் செய்யும் தவறுகள்

ஸ்பானிய அனிமேஷன் எங்கே தொடங்கியது என்று தேடினால் 'மின்சார ஹோட்டல்' படத்தில்தான் பலரும் போய் நிற்கிறார்கள். செகுந்தோ தெ சோமோன் 1908-ல் எடுத்தது. பிரஷ் தானாகவே ஷூவைத் துடைக்கும். அருமையான படம், ஆனால் கார்ட்டூன் இல்லை. பொருட்களைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்திப் படம்பிடித்த வித்தை அது. எடுத்ததும் பாரிஸின் பாத்தே நிறுவனத்துக்காக.

கையால் வரைந்த படங்களின் வேர் பத்திரிகைகளில் இருக்கிறது. மாட்ரிட்டின் 'ஏ.பே.செ' நாளிதழில் கேலிச்சித்திரம் வரைந்த ஷௌதாரோவும், கா-இத்தோ என்ற புனைபெயரில் வரைந்த ரிக்கார்தோ கார்சியா லோபெஸும் 1930களின் தொடக்கத்தில் கார்ட்டூன் படங்களுக்கென்றே ஒரு சங்கம் தொடங்கினார்கள். 1933-லேயே ஷௌதாரோ இறந்துபோனது பெரிய இழப்பு.

இதை மறந்துவிட்டு டிஸ்னியின் வழவழப்பைத் தேடுவதுதான் எனக்கு மிகவும் வருத்தம் தரும் தவறு. திரையில் வினாடிக்கு 24 பிரேம், அதாவது 24 தனித்தனிப் படங்கள், ஓடும். ஓர் ஓவியத்தை இரண்டு பிரேமுக்கு நிறுத்தினாலும் நிமிடத்துக்கு 720 ஓவியங்கள் வேண்டும். உள்நாட்டுப் போரில் நொறுங்கிய நாட்டில், சிறு குழுக்கள் அத்தனையும் வரைந்தன. அசைவு தடுமாறினால் தடுமாறட்டும், முகபாவத்தைப் பாருங்கள். கேலிச்சித்திரக்காரனின் கை அங்கேதான் தெரியும்.

1945-ல் வந்த 'கர்பன்சித்தோ தெ லா மான்சா'வை ஐரோப்பாவின் முதல் முழுநீள அனிமேஷன் என்று சொல்லிவிடாதீர்கள். லோத்தே ரைனிகரின் நிழலுருவப் படம் 1926-லேயே ஜெர்மனியில் வந்துவிட்டது. வண்ணத்தில் வரைந்த முழுநீளப் படம் என்பதே இதன் பெருமை. அதற்கு முன்பே பார்சலோனாவில் சமார்த்தின் ஸ்டுடியோ குறும்படத் தொடர்களை எடுத்துக்கொண்டிருந்தது.

அங்கே ஹோசே எஸ்கோபர் உருவாக்கிய 'சிவிலோன்' என்ற காளையை சண்டையை விரும்பாத காளையைப் பற்றிய டிஸ்னியின் 1938 'ஃபெர்டினாண்ட்' படத்தின் நகல் என்று ஒதுக்குகிறார்கள். சிவிலோன் நிஜமான காளை! குழந்தைகள் தடவிக்கொடுக்கும் அளவுக்குச் சாது. 1936-ல் பார்சலோனா காளைப்போர் அரங்கில் அதற்கு உயிர்ப்பிச்சை கிடைத்தது. சில வாரங்களில் உள்நாட்டுப் போர் மூண்டது. காளை பிழைக்கவில்லை. போரில் வென்று சர்வாதிகாரியான ஃபிராங்கோவை எதிர்த்து வரைந்ததற்காகப் போருக்குப் பின் சிறை சென்றவர் எஸ்கோபர். அவர் கையில்தான் அந்தக் காளை மறுபடி எழுந்து நடந்தது. 1947-ல் அவரே 'கார்பந்தா' என்ற, எப்போதும் பசித்திருக்கும் மனிதனை காமிக்ஸில் வரைந்தார். சிவிலோனைப் பார்த்த கையோடு அதையும் படித்துப் பாருங்கள்.